மேடை நமது, லேபிள் யாருடையது?

மேலப்பாளையத்தில் பீடி சுற்றும் வீடு எதற்குள் நுழைந்தாலும் இந்தக் காட்சியைப் பார்க்கலாம். மடியில் சுளகு. சுளகில் வெட்டிய இலை, தூள், நூல். பக்கத்தில் சுவரில் சாய்த்து வைத்த செல்பேசி. விரல்கள் இலையைச் சுருட்டிக்கொண்டே இருக்கும். கண் அவ்வப்போது திரைக்குப் போய்த் திரும்பும். ஒரு காலத்தில் அந்த இடத்தில் வானொலிப் பெட்டி இருந்தது. பிறகு டேப் ரிக்கார்டர் வந்தது. இன்று யூடியூப்.

அப்படி ஒரு வீட்டுத் திண்ணையில் நாங்கள் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தபோது பேத்தியின் செல்பேசியில் ஒரு பாட்டு ஓடியது. சினிமாப் பாட்டு அல்ல. பறை முழக்கத்தோடு சாதியைக் கேள்வி கேட்கும் ஒரு சேரிப் பையனின் பாட்டு. பீடி சுற்றிக்கொண்டிருந்த மூதாட்டி நிமிர்ந்து பார்த்தார். “இத எத்தன பேரு பாத்திருக்காவ?” என்றார். லட்சக்கணக்கில் என்றோம். “ஆயிரம் பீடிக்கு இவ்வளவுன்னு எங்களுக்குத் தெரியும். ஆயிரம் பேரு பாத்தா அந்தப் புள்ளைக்கு எவ்வளவு?”

விளையாட்டாகக் கேட்ட கேள்வி அல்ல அது. யூடியூப் விளம்பரக் கணக்கும் ஆயிரம் பார்வைக்கு இவ்வளவு என்றுதான் போடப்படுகிறது. பீடியிலும் ஆயிரம், காணொளியிலும் ஆயிரம். பீடிக் கட்டில் சுற்றியவளின் பெயர் இருக்காது. கம்பெனியின் லேபிள்தான் ஒட்டியிருக்கும். பாட்டுக் கம்பெனிக்கும் லேபிள் என்றுதான் பெயர். கூலித் தொழிலில் வாழ்நாளைக் கழித்த ஒருவருக்கு இந்த ஒற்றுமை சட்டென்று பிடிபட்டுவிட்டது. நமக்குத்தான் நேரமெடுத்தது.

இணையம் வந்த பிறகு ஒடுக்கப்பட்ட மக்களின் கலைக்கு முதன்முறையாக மேடை கிடைத்திருக்கிறது என்று பலரும் எழுதுகிறார்கள். பாதி உண்மை. நம் மக்களிடம் கலையும் மேடையும் எப்போதும் இருந்தன. அந்தக் கலையைப் பதிந்து வைக்கும் உரிமை, பெயர் போடும் உரிமை, விலை சொல்லும் உரிமை ஆகியவைதான் நம்மிடம் இல்லை. இந்த வரலாற்றைத் தாமிரபரணிக் கரையிலிருந்தே பார்க்கலாம்.

மாற்றி எழுதப்பட்ட முத்துப்பட்டன்

தாமிரபரணி மலையை விட்டு இறங்கும் பாபநாசம் காட்டுப்பகுதியில், காரையாறு சொரிமுத்தய்யனார் கோயிலில் பட்டவராயன் சன்னதி இருக்கிறது. அங்கே நேர்த்திக்கடனாகச் செருப்பு காணிக்கை செலுத்துகிறார்கள். பட்டவராயன் என்பது முத்துப்பட்டன். பார்ப்பனராகப் பிறந்தவன், பொம்மக்கா, திம்மக்கா என்ற இரண்டு சக்கிலியப் பெண்களை விரும்பினான். அவர்களின் தந்தை வாலப்பகடை நிபந்தனை போட்டார்: பூணூலை அறுக்க வேண்டும், குடுமியை எடுக்க வேண்டும், செருப்புத் தைக்கக் கற்றுக்கொள்ள வேண்டும். முத்துப்பட்டன் அப்படியே செய்தான். பின்னர் மாடு கவர வந்தவர்களோடு சண்டையிட்டு மாண்டான். நெல்லைச் சீமையின் கொடை விழாக்களில் வில்லுப்பாட்டாக விடிய விடியப் பாடப்பட்ட கதை இது.

ஊர் சேரிக்கு விதிக்கும் நிபந்தனைகளைத்தான் நாம் அறிவோம். சேரி அக்கிரகாரத்துக்கு நிபந்தனை விதித்த கதை இது. அதனால்தான் அதை அப்படியே விட்டுவைக்க முடியவில்லை. நாங்குநேரியில் பிறந்து பாளையங்கோட்டையில் வாழ்ந்த நாட்டார் வழக்காற்றியல் அறிஞர் நா. வானமாமலை முத்துப்பட்டன் கதையைத் தொகுத்துப் பதிப்பித்தபோது இதைச் சுட்டிக்காட்டினார். பிற்காலத்தில் கதைக்குள் ஒரு செருகல் நுழைந்தது. பொம்மக்காவும் திம்மக்காவும் உண்மையில் பார்ப்பனக் குழந்தைகளாம். காட்டில் கிடந்தவர்களை வாலப்பகடை எடுத்து வளர்த்தாராம். இந்த ஒரே செருகலில் சாதி மறுப்புத் திருமணம் ஒரே சாதிக்குள் நடந்த திருமணமாகிவிட்டது.

பாட்டு நம்முடையது. கேட்டவர்களும் நம் மக்கள். ஆனால் எது நிலைத்த பிரதி என்று முடிவு செய்யும் அதிகாரம் வேறு கையில் இருந்தது. இந்த வரலாற்றில் நாம் கற்க வேண்டிய முதல் பாடம் இதுதான்.

ஒரு பைசாவுக்கு ஒரு மேடை

அந்த அதிகாரத்தை நோக்கி நம் முன்னோர் சும்மா கை நீட்டவில்லை. இரட்டைமலை சீனிவாசன் 1893-இல் ‘பறையன்’ என்ற பெயரிலேயே இதழ் தொடங்கினார். இழிசொல்லாக வீசப்பட்ட பெயரைத் தலைப்பில் அச்சிட்டு விற்றார். அயோத்திதாசப் பண்டிதர் 1907 ஜூன் 19 அன்று ‘ஒரு பைசாத் தமிழன்’ வார இதழைத் தொடங்கினார். இதழின் விலையே அதன் பெயராக இருந்தது. கூலிக்காரனும் வாங்க முடிகிற விலை. ஓராண்டுக்குப் பின் அது ‘தமிழன்’ ஆனது. 1914-இல் அவர் மறையும்வரை நடந்தது. கோலார் தங்கவயலின் சுரங்கத் தொழிலாளர்கள் அதன் வாசகர்களாகவும் புரவலர்களாகவும் இருந்தார்கள்.

இன்றைய சொற்களில் சொன்னால் அவர்கள் சுயாதீனப் படைப்பாளிகள். பெரிய பத்திரிகைகள் பேசாததைப் பேசினார்கள். சிறிய கூட்டம் படித்தது, அந்தக் கூட்டமே காசும் கொடுத்தது. இன்று ‘ரசிகர் சந்தா’ என்று புதிதாகப் பேசுகிறவர்கள் தங்கவயல் தொழிலாளர்களின் கணக்கைப் பார்க்கட்டும். ஆனாலும் அயோத்திதாசரின் எழுத்துகள் தொகுக்கப்பட்டுப் பரவலாக வாசிக்கப்பட 1990களின் இறுதிவரை காத்திருக்க வேண்டியிருந்தது. எண்பது ஆண்டுகளுக்கும் மேலான மௌனம். இதழ் நடத்துவது ஒரு போராட்டம். அதைக் காப்பாற்றி வைப்பது இன்னொரு போராட்டம். முதலாவதில் வென்ற நாம் இரண்டாவதில் பல முறை தோற்றிருக்கிறோம்.

ஒலிநாடாவின் காலம்

அடுத்த திறப்பு ஒலிநாடா. 1980களில் டேப் ரிக்கார்டர் எளிய வீடுகளுக்கும் வந்தது. மேலப்பாளையம் மக்களுக்குச் சினிமாவுக்கு வெளியே ஓர் இசையுலகம் இருக்க முடியும் என்பது புதிய செய்தி அல்ல. நாகூர் ஈ.எம். அனிபாவின் குரல் திரைப்படங்களின் தயவில் வளர்ந்தது அல்ல. மேடைகளிலும் இசைத்தட்டுகளிலும் பின்னர் ஒலிநாடாக்களிலும் அது வீடு வீடாகப் போனது.

அதே காலத்தில் கே.ஏ. குணசேகரன் ‘தன்னானே’ குழுவோடு ஊர் ஊராகப் போய்ப் பாடினார். 1968 டிசம்பர் 25 அன்று கீழ்வெண்மணியில் 44 தலித் மக்கள் குடிசையோடு கொளுத்தப்பட்டதன் நினைவாக இன்குலாப் எழுதிய ‘மனுசங்கடா’ பாட்டை அவர் குரலில்தான் தமிழகம் கேட்டது. எழுதியவர் கீழக்கரையின் சாகுல் ஹமீது, ஓர் இசுலாமியர். பாடியவர் ஒரு தலித் கலைஞர். எந்தத் திரைப்படமும் இல்லாமல், எந்தத் தொலைக்காட்சியும் இல்லாமல் அந்தப் பாட்டு கூட்டங்களிலும் ஒலிநாடாக்களிலும் பரவியது. இசுலாமியரும் தலித்துகளும் பக்கத்துப் பக்கத்துத் தெருக்களில் வாழும் மேலப்பாளையம் போன்ற ஊருக்கு இந்தக் கூட்டணியின் பொருளை விளக்கத் தேவையில்லை.

ஒலிநாடா மலிவு. யார் வேண்டுமானாலும் பதியலாம், நகலெடுக்கலாம். அதுவே அதன் பலமும் பலவீனமும். கொடை விழாவில் ஆடிப் பாடிய கரகாட்டக்காரர்கள், நையாண்டி மேளக்காரர்கள், பெண் வேடக் கலைஞர்களின் நிகழ்ச்சிகள் பதிவாகிக் கடைகளில் விற்றன. அந்த விற்பனையில் பங்கு கேட்க அவர்களிடம் ஒப்பந்தமும் இல்லை, சங்கமும் இல்லை. அன்றைய இரவுக்குப் பேசிய கூலியோடு கணக்கு முடிந்தது.

நெல்லை தங்கராஜை நினைத்துக்கொள்வோம். பல பத்தாண்டுகள் பெண் வேடம் கட்டி ஆடிய தெருக்கூத்துக் கலைஞர். 2018-இல் வந்த ‘பரியேறும் பெருமாள்’ படத்தில் கதாநாயகனின் தந்தையாக நடித்த பிறகுதான் நாடு அவரைத் திரும்பிப் பார்த்தது. 2023 பிப்ரவரியில் மறைந்தார். ஒரு படத்தின் சில காட்சிகளில் அவர் இருக்கிறார். அதற்கு முன் அவர் ஆடிய ஆயிரக்கணக்கான இரவுகள் எங்கே இருக்கின்றன?

ஆற்றங்கரையில் ஒரு கேமரா

மேலப்பாளையத்திலிருந்து கொஞ்ச தூரத்தில், கொக்கிரகுளத்தில் ஆற்றை ஒட்டி மாவட்ட ஆட்சியர் அலுவலகம் இருக்கிறது. 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக அங்கே பேரணி வந்தது. கூலி உயர்வும், சிறையிலிருந்த தொழிலாளர்களின் விடுதலையும் கோரிக்கை. காவல்துறையின் தடியடியில் மக்கள் ஆற்றுக்குள் விரட்டப்பட்டார்கள். ஒன்றரை வயதுக் குழந்தை உட்பட 17 பேர் மாண்டார்கள்.

மக்கள் தாமாக ஓடி ஆற்றில் விழுந்து மூழ்கினார்கள் என்ற பேச்சு அன்றே தொடங்கிவிட்டது. முத்துப்பட்டன் கதையில் நடந்த செருகல் இங்கேயும் நடந்திருக்கும். ஆனால் இந்த முறை நம் பக்கத்திலும் கேமரா இருந்தது. நெல்லையில் காஞ்சனை திரைப்பட இயக்கத்தை நடத்திய ஆர்.ஆர். சீனிவாசன் ‘நதியின் மரணம்’ என்ற ஆவணப்படத்தை எடுத்தார். எந்தப் பெரிய நிறுவனமும் அதற்குப் பின்னால் இல்லை. திரையரங்குகளில் ஓடும் படமும் அல்ல அது. சிறு கூட்டங்களில் திரையிட்டுப் பார்க்கப்பட்டது. ஊர் ஊராகப் படம் போட்டுக் காட்டிய அந்தச் சிறிய வட்டம் இல்லையென்றால் ஜூலை 23 இன்று ஓர் அரசு அறிக்கையாக மட்டும் மிஞ்சியிருக்கும்.

இன்று செல்பேசியைத் தூக்கிப் பிடித்து வன்கொடுமையைப் பதிவு செய்யும் ஒவ்வோர் இளைஞரும், தெரிந்தோ தெரியாமலோ, அந்தக் கேமராவின் வாரிசு.

2018-க்குப் பின்

2016 செப்டம்பரில் ஜியோ வந்து இணையத்தின் விலை சரிந்தது. ஒரு பைசாத் தமிழனின் விலை என்ன செய்ததோ அதையே மலிவு டேட்டாவும் செய்தது. 2018 ஜனவரி 6 அன்று சென்னை கீழ்ப்பாக்கத்தில் ‘தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ முதல் நிகழ்ச்சியை நடத்தியது. பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு. கானா, ராப், ராக், பறை எல்லாம் ஒரே மேடையில். சாதிபேதமற்ற தமிழர் என்ற அயோத்திதாசரின் சொல்லிலிருந்துதான் குழுவுக்குப் பெயர் வந்தது. 1907-இன் அச்சு எழுத்து 2018-இல் கிட்டார் தந்தியாக மாறியது என்று சொன்னால் மிகையில்லை. 2020 டிசம்பரில் ‘மார்கழியில் மக்களிசை’ தொடங்கியது. மார்கழி என்றால் சபா, சபா என்றால் கர்நாடக இசை என்றிருந்த மாதத்துக்குள் ஒப்பாரியும் கானாவும் நுழைந்தன. மேடைக்கு வர முடியாதவர்கள் செல்பேசியில் பார்த்தார்கள்.

மறுபக்கம் டிக்டாக். அழகான முகம், திருத்தமான பேச்சு என்று தொலைக்காட்சி வைத்திருந்த வாசலை அது உடைத்தது. வயலில் நடவு நடுகிறவர், கட்டட வேலை செய்கிறவர், திருநங்கையர் என எல்லோரும் வந்தார்கள். பக்கத்து உடன்குடியில் மரக்கடை வைத்திருந்த ஜி.பி. முத்து தென்மாவட்டப் பேச்சை மாற்றாமலே தமிழகம் முழுவதற்கும் தெரிந்தவரானார். 2020 ஜூன் 29 அன்று ஒன்றிய அரசு 59 செயலிகளைத் தடை செய்தது. அவர் யூடியூப் வழியாகத் தப்பித்தார். அதே இரவில் காணாமல் போன சேரிக் கலைஞர்கள் எத்தனை பேர்? மேடை இன்னொருவனின் நிலத்தில் போட்ட பந்தல் என்பதை அந்த ஓர் இரவு காட்டியது.

வள்ளியம்மாளின் பாட்டுக்கு யார் பெயர்?

2021 மார்ச் 7 அன்று ‘எஞ்சாயி எஞ்சாமி’ வெளியானது. தெருக்குரல் அறிவு எழுதி, தீயுடன் சேர்ந்து பாடினார். சந்தோஷ் நாராயணன் தயாரித்தார். சுயாதீனக் கலைஞர்களுக்காகத் தொடங்கப்பட்ட மாஜா என்ற தளத்தின் வழியே வந்தது. இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்துவிட்டுத் திரும்பிய அறிவின் பாட்டி வள்ளியம்மாளின் நினைவுதான் அந்தப் பாட்டின் வேர். தேயிலைத் தோட்டத்தின் கதை மாஞ்சோலையின் அடிவாரத்தில் வாழும் நமக்கு அந்நியம் அல்ல. நிலமற்றவர்களின் அழுகை கோடிக்கணக்கான செல்பேசிகளில் ஒலித்தது.

பிறகு நடந்ததையும் நாம் பார்த்தோம். அதே ஆண்டு ஆகஸ்டில் ரோலிங் ஸ்டோன் இந்தியா இதழின் அட்டையில் அறிவின் முகம் இல்லை. கேள்வி எழுந்த பிறகு அவருக்குத் தனியாக ஒரு மின்னட்டை வந்தது. 2022 ஜூலை 28 அன்று சென்னையில் செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழாவில் அந்தப் பாட்டு பாடப்பட்டது; அறிவு மேடையில் இல்லை. சில நாட்கள் கழித்து, பாட்டை மெட்டமைத்ததும் எழுதியதும் தானே என்று அறிவு அறிக்கை வெளியிட்டார். இது மூவரின் கூட்டு முயற்சி என்று சந்தோஷ் நாராயணனும் தீயும் பதில் சொன்னார்கள். 2024 மார்ச்சில் சந்தோஷ் நாராயணனே ஒரு காணொளியில், தங்களில் யாருக்கும் அந்தப் பாட்டிலிருந்து இதுவரை வருமானம் வந்து சேரவில்லை என்றார்.

யார் பங்கு எவ்வளவு என்று தீர்ப்புச் சொல்ல நாம் வரவில்லை. நாம் கவனிக்க வேண்டியது வேறு. பல கோடிப் பார்வைகள் கண்ட பாட்டு. ‘சுயாதீனம்’ என்ற சொல்லோடு வந்த பாட்டு. அதிலும் பெயருக்காக ஒரு தலித் கலைஞர் பொதுவெளியில் வாதாட வேண்டியிருந்தது. பணத்துக்காக எல்லோருமே காத்திருக்க வேண்டியிருந்தது. மேலப்பாளையத்து மூதாட்டியின் கேள்விக்கு இதுதான் பதில்: ஆயிரம் பேர் பார்த்தால் எவ்வளவு என்பதைப் பாடியவர் முடிவு செய்வதில்லை. லேபிளை ஒட்டுகிறவர் முடிவு செய்கிறார்.

அதே திரையில் அருவாள்

இன்னொன்றையும் மறைக்காமல் பேச வேண்டும். நமக்குத் திறந்த அதே கதவு ஆதிக்கச் சாதிக்கும் திறந்திருக்கிறது. நம் மாவட்டப் பள்ளி மாணவர்களின் செல்பேசியைப் பாருங்கள். சாதி நிறத்தில் பின்னணி, சாதித் தலைவர் படம், பழைய சினிமாவின் பெருமைப் பாட்டு, மெதுவாக நடந்து வரும் ஓர் இளைஞன், சில சமயம் கையில் அருவாள். முப்பது நொடி. இதுவும் ஒரு பொழுதுபோக்கு, இதற்கும் ஒரு ரசிகர் கூட்டம். முன்பு தெருமுனைச் சுவரொட்டியோடு நின்றது இன்று படுக்கையறை வரை வருகிறது.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனையும் அவன் தங்கையையும் வீடு புகுந்து வெட்டினார்கள். வெட்டியவர்கள் கூடப் படித்த சிறுவர்கள். அதன் பிறகு அரசு அமைத்த நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. கையில் கட்டும் சாதிக் கயிறுகளைத் தடை செய்யச் சொன்னது. கயிற்றை அவிழ்த்துவிடலாம். செல்பேசிக்குள் கட்டிய கயிற்றை யார் அவிழ்ப்பது? 2025 ஜூலை 27 அன்று பாளையங்கோட்டை கே.டி.சி. நகரில் மென்பொருள் பொறியாளர் கவின் ஆணவக் கொலை செய்யப்பட்டார். அவருடைய உடலை உறவினர்கள் வாங்குவதற்கு முன்பே கொலையைப் புகழும் பதிவுகள் சுற்றத் தொடங்கியதை நாம் பார்த்தோம்.

கணிப்பொறிக்குப் பறையும் அருவாளும் ஒன்றுதான். எது அதிக நேரம் பார்க்க வைக்கிறதோ அதை மேலே தள்ளும். ஆகவே ‘இணையம் ஜனநாயகமானது’ என்று நாம் நிம்மதியாக உட்கார முடியாது. ஒருவன் தன் பாட்டிக்காகப் பாடுகிறான்; இன்னொருவன் கொலைக்காகப் பாடுகிறான். இரண்டுக்கும் நடுவே விளம்பரம் ஓடுகிறது. அந்தக் காசு ஒரே கல்லாவில் விழுகிறது.

நாம் செய்ய வேண்டியது

வில்லுப்பாட்டு நமக்குச் சொன்னது: பதிந்து வைக்காவிட்டால் மாற்றி எழுதுவார்கள். ‘தமிழன்’ இதழ் சொன்னது: வாசகரே புரவலராக இருந்தால் யாருக்கும் அஞ்ச வேண்டாம். ஒலிநாடா சொன்னது: ஒப்பந்தம் இல்லாத கலை கூலியோடு முடியும். டிக்டாக் சொன்னது: ஒரே பந்தலை நம்பாதே. இவை ஏட்டுப் பாடங்கள் அல்ல, விலை கொடுத்துக் கற்றவை.

எனவே பாட்டு எழுதும் தம்பி தங்கைகளுக்கு ஒரு வேண்டுகோள். பாட்டைப் பதிவேற்றும் முன் எழுதியவர், மெட்டமைத்தவர், பறை அடித்தவர், யாரிடமிருந்து கற்றீர்களோ அந்தப் பெரியவர் என எல்லோர் பெயரையும் எழுதுங்கள். கூட்டாகச் செய்தால் பங்கை முதலிலேயே தாளில் எழுதிக் கையெழுத்துப் போடுங்கள், நண்பர்களுக்குள்ளேயும் போடுங்கள். மூலப் பதிவை உங்கள் கையில் இன்னொரு படி வைத்திருங்கள். கையெழுத்துக் கேட்டு வரும் லேபிளின் ஒப்பந்தத்தை ஒரு வழக்கறிஞரிடம் காட்டுங்கள்; நம் இயக்கங்களில் வழக்கறிஞர்களுக்குப் பஞ்சமில்லை. பார்க்கிறவர்களுக்கும் ஒரு வேண்டுகோள்: விருப்பக்குறியோடு நிறுத்தாதீர்கள். தங்கவயல் தொழிலாளி சம்பளத்தில் மிச்சம் பிடித்து ஒரு பைசா கொடுத்தார்.

அன்று அந்த மூதாட்டி, பேச்சு முடிந்ததும், தன் சின்ன வயதில் பீடி சுற்றும்போது பெண்கள் சேர்ந்து பாடிய ஒரு பாட்டைப் பாடிக் காட்டினார். முழுதாக நினைவில் இல்லை; இரண்டு இடத்தில் நின்று யோசித்தார். பேத்தி செல்பேசியை எடுத்துப் பதிந்தாள். எந்தச் சேனலில் போடுவது என்று கேட்டாள். அது பிறகு என்றோம். முதலில் பாட்டியின் பெயரை எழுதி வை என்றோம்.